வினையே பெயரான பண்டங்கள்: முறுக்கு, தட்டை, சீடையின் வரலாறு

வற்றல், பொங்கல், சுண்டல் ஆகிய சொற்களைத் தொழிலாகுபெயருக்கு எடுத்துக்காட்டாக நாம் பள்ளியில் பயின்றிருக்கிறோம். வற்றுதலும் பொங்குதலும் சுண்டுதலும் தொழில்கள். அத்தொழில்களின் பெயர்கள் அவற்றால் விளைந்த பண்டங்களுக்கு ஆகி வந்தன. அவ்வரிசையில் வைத்து எண்ணத்தக்க இன்னொரு சொல் முறுக்கு. மாவை முறுக்கியதனால் அது முறுக்கு. தட்டையாய் இருப்பதால் தட்டை எனினும், தட்டிச் செய்வதால் தட்டை எனினும், அதன் பெயரிலும் ஓர் உள்ளங்கையின் அழுத்தம் இருக்கிறது. இனிப்பு, புளிப்பு என்று சுவையாலும், வெள்ளை, சிவப்பு என்று நிறத்தாலும் பண்டங்களுக்குப் பெயரிடுவது எளிது. அவ்வாறன்றிச் செய்த கையின் அசைவையே பெயராக வைத்த இவ்வழக்கு சிந்திக்கத்தக்கது. உண்டவர் இட்ட பெயராயின் அதில் சுவை முந்தியிருக்கும். இதில் செயல் முந்தியிருப்பதால், செய்தவர் வாயிலிருந்து பிறந்த பெயர் இது எனக் கருத இடமுண்டு.

அரண்மனைக்கும் கோயிலுக்கும் கல்வெட்டு உண்டு, செப்பேடு உண்டு. இல்லத்து அடுப்படிக்கு அவை இல்லை. எத்தனையோ தலைமுறைப் பெண்கள் மாவு இடித்தும், சலித்தும், பிசைந்தும், சுற்றியும், பொரித்தும் பெற்ற அறிவை ஒருவரும் ஏட்டில் எழுதி வைக்கவில்லை. அவ்வறிவு கையிலிருந்து கைக்கும் வாயிலிருந்து செவிக்கும் சென்றது. ஆகவே அதன் ஆவணக் காப்பகம் சொற்களே. வீட்டில் செய்யப்பெறும் மொறுமொறுப்பான பலகாரங்களின் வரலாற்றை அச்சொற்களின் துணைகொண்டும், நூல்களிலும் கல்வெட்டுகளிலும் இடையிடையே கிடைக்கும் செய்திகளைக்கொண்டும் இக்கட்டுரை காண முயல்கிறது. சொல்லைத் தொழிலாகக் கொண்ட கவிஞர்கள் நிறைந்த இவ்வட்டத்தின் பத்தாண்டு நிறைவு மலரில் இதனைச் சொல்வது பொருத்தமென்றே எண்ணுகிறேன்.

பழைய நூல்களில் பலகாரம்

சங்க நூல்களில் பண்ணியம் என்னும் சொல் பலகாரத்தைக் குறித்து வருகிறது. பண்ணுதல் என்னும் வினையின் அடியாகப் பிறந்த அச்சொல்லும், செய்யப்பட்டது என்னும் பொருளையே தருகிறது. மதுரைக்காஞ்சி பலவகைப் பண்ணியங்களை ஏந்தித் தெருவில் திரிந்து விற்றவர்களைக் காட்டுகிறது. அந்நூலே நள்ளிரவில் அப்பம் விற்கும் கூவியர் தம் பண்டங்களோடு அமர்ந்தபடியே உறங்கிவிழும் காட்சியையும் தீட்டுகிறது. தேனடை போன்ற மெல்லிய அடையும், உள்ளீடு வைத்துப் பிடித்த மோதகமும் அங்கே பேசப்படுகின்றன. பெரும்பாணாற்றுப்படையில் கூவியர் கரிய சட்டியில் பாகு சேர்த்துச் செய்த, இழைகள் சூழ்ந்த வட்ட வடிவப் பண்டம் ஒன்று சுட்டப்படுகிறது. சிலப்பதிகாரம் புகார் நகரத்து வணிகரை வரிசைப்படுத்தும்போது பிட்டு விற்கும் காழியரையும் அப்பம் விற்கும் கூவியரையும் அடுத்தடுத்து நிறுத்துகிறது.

இவையெல்லாம் தெருவில் விற்கப்பட்டவை, பெரும்பாலும் இனிப்பானவை. வீட்டில் செய்தவை பற்றிய செய்தி அரிதாகவே கிடைக்கிறது. அகநானூற்று 86-ஆம் பாடலில், நல்லாவூர் கிழார் ஒரு திருமண வீட்டைக் காட்டும்போது உளுந்து சேர்த்துச் சமைத்த களியைக் குறிப்பிடுகிறார். அது பொரித்த பண்டமன்று. எனினும் அரிசியோடு உளுந்து சேர்வதும், அச்சேர்க்கை மணவினையின் மங்கலத்தோடு சேர்வதும் எவ்வளவு பழையவை என்பதற்கு அது சான்றாகிறது. இன்றும் மணமக்கள் வீட்டுச் சீர்த்தட்டுகளில் ஏறும் முறுக்கு, அரிசியும் உளுந்தும் கூடியதே என்பது ஒப்புநோக்கத் தக்கது.

வீட்டுப் பலகாரத்துக்குக் கிடைக்கும் அழகியதொரு சான்று பெரியாழ்வார் திருமொழியில் உள்ளது. கண்ணனின் குறும்புகளை அயல்வீட்டுப் பெண்கள் யசோதையிடம் முறையிடும் பகுதி அது. தன் வீடுதானே என்று இலட்டுவத்தையும் சீடையையும் எள்ளுருண்டையையும் கலத்தில் இட்டு வைத்துவிட்டு அப்பால் சென்றதாகவும், அதற்குள் கண்ணன் புகுந்து அவற்றை உண்டு தீர்த்ததாகவும் ஒருத்தி சொல்கிறாள். ஆழ்வாரின் காலத்தை எட்டாம் நூற்றாண்டென்றும் ஒன்பதாம் நூற்றாண்டென்றும் ஆய்வாளர் கூறுவர். எனவே, சீடை என்ற பெயர் இன்றைக்கு ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்கு முன்பே வீட்டுப் பெண்ணின் பேச்சில் இயல்பாக வழங்கியது தெளிவாகிறது. செய்து, ஆறவிட்டு, கலத்தில் மூடிவைத்து, வேண்டும்போது எடுத்து உண்ணும் வழக்கமும் அன்றே இருந்திருக்கிறது. கோகுலாட்டமிக்கு இன்று வீடுகளில் சீடை உருட்டும் கைகள், தெரிந்தோ தெரியாமலோ, அந்த ஆயர்மகளின் முறையீட்டுக்கு உரை எழுதுகின்றன.

அண்டை நாடும் அயல் மொழியும்

நாம் முறுக்கு என்பதைக் கன்னடர் சக்குலி என்பர். மராத்தியர் சக்லி என்பர். இவை வடமொழிச் சஷ்குலி என்னும் சொல்லோடு தொடர்புடையவை என்பது உணவு வரலாற்றறிஞர் கருத்து. பழைய மருத்துவ நூலான சரக சங்கிதை செவிமடலைக் கர்ண சஷ்குலி என்று அழைக்கிறது. காதின் சுருளைக் கண்ட மருத்துவருக்குப் பலகாரத்தின் சுருள் நினைவுக்கு வந்திருக்கிறது. அறிவியற் சொல்லாக்கத்துக்கும் அடுப்படி உவமை தந்திருக்கிறது என்பது கவிஞர்களுக்கு மகிழ்ச்சி தரும் செய்தி.

மேலைச் சாளுக்கிய மன்னன் மூன்றாம் சோமேசுவரன் (1126-1138) பெயரால் வழங்கும் மானசோல்லாசம் என்னும் வடமொழி நூல், அரசனின் உணவுக்கென ஒரு பகுதியையே ஒதுக்கியிருக்கிறது. இட்டலி, தோசை, வடை ஆகியவற்றின் முன்னோடிகள் அதில் இடம்பெறுகின்றன. உளுந்தை ஊறவைத்து அரைத்துப் பொரிக்கும் கலை அக்காலத்துத் தென்னாட்டில் நன்கு வளர்ந்திருந்தது என்பதற்கு அந்நூல் சான்று. ஆனால் அது அரசன் உண்ட கதை. ஆக்கிய கையின் கதை அதில் இல்லை.

கோயிலின் மடைப்பள்ளி

ஆக்கிய அளவுகளைப் பதிவு செய்தவை கோயில்களே. திருவமுதுக்கு இவ்வளவு அரிசி, இவ்வளவு நெய், இவ்வளவு மிளகு என்று நிவந்தம் அளித்தவர்கள் கல்லில் வெட்டி வைத்தனர். திருமலை திருப்பதிக் கோயிலின் பதினைந்து, பதினாறாம் நூற்றாண்டுக் கல்வெட்டுகளில் அப்பப்படி, அதிரசப்படி, வடைப்படி, சுகியன்படி, தோசைப்படி, மனோகரப்படி என்பன போன்ற பெயர்கள் காணப்படுகின்றன. மனோகரம் என்பது இன்று தேன்குழல் இழைகளை ஒடித்து வெல்லப்பாகில் சேர்த்துக் கூம்பாகப் பிடிப்பது. திருமணச் சீர்களில் இன்றும் இடம்பெறுவது.

சடங்கு பழமையைக் காக்கும் பேழை. மடைப்பள்ளி வடையில் மிளகாய் சேர்வதில்லை, மிளகே சேரும். நீத்தார் நினைவுநாளில் ஆக்கும் உணவிலும் பல குடும்பங்கள் மிளகாயை விலக்கி மிளகைச் சேர்க்கின்றன. இதனைத் தூய்மை பற்றிய நம்பிக்கை என்பர். வரலாற்று மாணவனுக்கோ அது ஒரு காலக்கணக்கு. மிளகாய் வருவதற்கு முன்பிருந்த தமிழ்நாட்டு நாக்கின் நினைவு, தெய்வத்தின் பெயராலும் முன்னோர் பெயராலும் அங்கே பாதுகாக்கப்பட்டிருக்கிறது.

கடல் கடந்து வந்த விருந்தாளிகள்

நம்மிடையே நிலவும் ஒரு கருத்தை இவ்விடத்தில் சற்றே திருத்திக்கொள்ள வேண்டும். இன்று நாம் உண்ணும் கார முறுக்கை அப்படியே ஆதிகாலத்துப் பண்டம் என்று பெருமை பேசுவது வரலாற்றுக்குப் பொருந்தாது. மிளகாய் அமெரிக்கக் கண்டத்துப் பயிர். 1498-இல் வாஸ்கோ ட காமா கள்ளிக்கோட்டைக்கு வந்த பின்னர், போர்ச்சுகீசியர் வழியாகவே அது நம் மண்ணில் கால்வைத்தது. வந்த பொருளுக்கு நம் முன்னோர் புதுப்பெயர் தேடி அலையவில்லை. மிளகைப்போல் காரமான காய் என்று கண்டு, மிளகாய் என்று அழைத்து வீட்டில் சேர்த்துக்கொண்டனர்.

நிலக்கடலையும் அவ்வாறே தென்னமெரிக்காவிலிருந்து வந்தது. அதனை மணிலாக்கொட்டை என்றும், தென்னார்க்காட்டுப் பகுதியில் மல்லாட்டை என்றும் மக்கள் அழைப்பதே அது கடல்வழி வந்ததற்குச் சான்று. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தென்னார்க்காட்டில் அது பெருமளவில் பயிராயிற்று. புதுச்சேரித் துறைமுகத்திலிருந்து பிரான்சின் மார்சேல் நகருக்கு ஏற்றுமதியும் ஆயிற்று. நாளடைவில் செக்குகளில் கடலை ஏறியது. அடுப்புகளில் கடலை எண்ணெய் ஏறியது.

அதற்கு முன் எதில் பொரித்தனர்? இங்கும் சொல்லே விடை தருகிறது. பழந்தமிழில் நெய் என்பது உருகிய கொழுப்புப் பொருள்களுக்குப் பொதுப்பெயர். எள்ளின் நெய் எண்ணெய் ஆயிற்று. பிறகு எள்ளோடு தொடர்பற்ற கடலைக்கும் தேங்காய்க்கும் அப்பெயரே நிலைத்ததனால், உண்மையான எள்நெய் தன் பெயரை இழந்து நல்லெண்ணெய் என்று அடைமொழி தாங்கி நிற்கிறது. நாகர்கோவில் பக்கமும் பாலக்காட்டிலும் தேங்காய் எண்ணெயில் பொரிப்பது இன்றும் உண்டு. 2007-இல் தமிழக அரசு தொடங்கிய சிறப்புப் பொது வினியோகத் திட்டத்தின் வழியாகப் பாமாயில் எளிய வீடுகளின் எண்ணெய்ச் சட்டியில் இடம்பிடித்தது. எள், கடலை, பனை என்று எண்ணெய் மாறிக்கொண்டே வந்திருக்கிறது. மிளகு போய் மிளகாய் வந்திருக்கிறது. மாறாது நின்றவை அரிசி, உளுந்து ஆகிய இரண்டும், அவற்றைப் பதமறிந்து ஆளும் கையுமே.

பதம் என்னும் அறிவு

பதம் என்னும் சொல்லுக்குச் சொல் என்றும் பொருள், பக்குவம் என்றும் பொருள். கவிஞருக்கு முதற்பொருள் உரியது. அடுப்படிக்கு இரண்டாவது உரியது. முறுக்கின் பதம் மாவிலேயே தொடங்குகிறது. பச்சரிசியைக் களைந்து, ஊறவைத்து, வடித்து, வெள்ளைத்துணியில் நிழலில் உலர்த்தி, ஈரம் முற்றும் போகாமல் இருக்கும்போதே உரலில் இட்டு இடிப்பர். கையில் அள்ளினால் ஒட்டாமலும், பிடித்தால் பிடிபட்டும் இருக்க வேண்டும். அது ஈரமாவின் பதம். உளுந்தைச் சிவக்க விடாமல் மணம் வரும்வரை வறுத்து மாவாக்குவர். நான்கு பங்கு அரிசிமாவுக்கு ஒரு பங்கு உளுத்தமாவு என்பது தேன்குழலுக்குப் பரவலாகச் சொல்லப்படும் கணக்கு. கைமுறுக்குக்கு உளுந்தைக் குறைப்பர். கணக்கு வீட்டுக்கு வீடு மாறும்.

இக்கணக்கின் உட்பொருளை இன்றைய அறிவியல் விளக்குகிறது. கோதுமையில் உள்ளது போன்ற இழுவைத் தன்மை அரிசிமாவில் இல்லை. தனித்துப் பிசைந்தால் விண்டுபோகும். உளுந்தில் உள்ள பசைத்தன்மை அதனைச் சேர்த்துப் பிடிக்கிறது. வெண்ணெயோ காய்ச்சிய எண்ணெயோ சேர்ப்பதால் மாவுத் துகள்கள் ஒன்றோடொன்று இறுகிப்போகாமல், கடித்தவுடன் உதிரும் மென்மை வருகிறது. வெண்ணெய் மிகுந்தால் முறுக்கு எண்ணெயிலேயே கரைந்து பிரியும். குறைந்தால் பல்லை உடைக்கும். இந்த எல்லைகளைக் கருவியின்றி விரல்நுனியால் அளந்தவர்கள் நம் பெண்கள்.

பிழிந்த மாவு எண்ணெயில் விழுந்தவுடன் அதிலுள்ள நீர் ஆவியாகிக் குமிழியிட்டு வெளியேறுகிறது. அதுவே நாம் கேட்கும் சலசலப்பு. நீர் தீரத் தீர ஓசை தணியும். ஓசை அடங்கினால் எடு என்று பாட்டி சொல்வது இதனையே. எண்ணெயின் வெப்பம் ஏறத்தாழ 160 முதல் 180 பாகை வரை இருத்தல் நன்று என்று இன்று வெப்பமானி கொண்டு சொல்கிறோம். அவளோ ஒரு துளி மாவைக் கிள்ளிப் போட்டு, அது எழும்பும் விரைவைக் கண்டு அறிந்தாள். காயாத எண்ணெயில் இட்டால் முறுக்கு எண்ணெய் குடிக்கும். மிகக் காய்ந்ததில் இட்டால் மேலே சிவந்து உள்ளே வேகாது நிற்கும். ஓசை அடங்குமுன் எடுத்தது மறுநாளே நமத்துப்போகும். ஒரு முறை இட்டு எடுப்பதற்கு ஓர் ஈடு என்று பெயர். முதல் ஈட்டைச் சுவைத்துப் பார்த்து உப்பையும் பதத்தையும் திருத்திக்கொள்வது வழக்கம்.

கைமுறுக்கும் சீடையும்

அச்சில் பிழிவதற்கும் கையால் சுற்றுவதற்கும் பெருவேறுபாடு உண்டு. கைமுறுக்குச் சுற்றுபவர் சிறிது மாவைக் கையிலெடுத்து, கட்டைவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் இடையே கயிறுபோல் முறுக்கிக்கொண்டே, விரித்த துணியின்மேல் நடுவிலிருந்து வெளிநோக்கி வட்டமாக இறக்கிச் செல்வர். ஒவ்வொரு முறுக்கும் ஒரே அளவினதாய், ஒவ்வொரு சுற்றும் முந்தைய சுற்றை ஒட்டியும் ஒட்டாமலும் இருக்க வேண்டும். திருமணச் சீருக்கு ஐந்து சுற்று, ஏழு சுற்று, ஒன்பது சுற்று என ஒற்றைப்படையில் சுற்றுவர். சீரும் தளையும் தவறாமல் அடி அடியாக வளரும் செய்யுளுக்கு இதனினும் நல்ல உவமை கிடைப்பது அரிது. சுற்றுத் தெரிந்தவர்களை ஊரில் விரல்விட்டு எண்ணலாம் என்னும் நிலை இன்று வந்துவிட்டது.

சீடையின் சிக்கல் வேறு. அது எண்ணெயில் வெடிக்கும் இயல்புடையது. சீடை வெடித்துக் கொதிக்கும் எண்ணெய் தெறித்துக் கையிலும் முகத்திலும் தழும்பு பெற்ற பெண்கள் பலர். காரணம் இதுதான்: நீர் ஆவியாகும்போது அதன் பருமன் ஏறத்தாழ 1,600 மடங்குக்கு மேல் பெருகும். முறுக்கின் மெல்லிய இழையிலிருந்து ஆவி எளிதில் வெளியேறிவிடும். சீடையோ திரண்ட உருண்டை. அதன் புறத்தோல் முதலில் இறுகி வழியை அடைத்துவிட்டால், உள்ளே அடைபட்ட ஆவி உருண்டையைப் பிளந்துகொண்டு வெளிவரும். மாவில் கட்டி தங்கினாலும், உப்புக்கல் கரையாது நின்றாலும், உருண்டையை மிக வழவழப்பாக உருட்டினாலும் இது நேரும். ஆகவேதான் மாவை இருமுறை சலித்தல், உப்பைக் கரைத்துச் சேர்த்தல், உருண்டையை அழுத்தி உருட்டாமல் தளர்வாக உருட்டுதல், துணியில் பரப்பி உலரவிடுதல், ஊசியால் குத்திவிடுதல் முதலிய முறைகள் தோன்றின. அழகாக உருட்டாதே, சுமாராக உருட்டு என்று மூத்தவர் சொல்வது சோம்பலுக்குத் தந்த சலுகையன்று. ஒவ்வொரு தழும்பும் கற்பித்த பாடம். தட்டையில் கடலைப்பருப்பு சேர்ப்பதும், அதன் முகத்தில் குத்திவிடுவதும் இந்த அறிவின் வழிப்பட்டவையே. பூரிபோல் உப்பவிடாமல் அவை காக்கின்றன.

ஊர்தோறும் ஒரு பெயர்

தட்டை என்பது ஒரே பெயரன்று. கொங்கு நாட்டில் எள்ளடை, சேலத்தில் தட்டுவடை, கர்நாடக எல்லையோரத்தில் நிப்பட்டு. யாழ்ப்பாணத்துப் பருத்தித்துறை, தட்டை வடைக்குத் தன் பெயரையே கொடுத்திருக்கிறது. செட்டிநாட்டில் சீடைக்குச் சீப்புச்சீடை என்னும் உருவம் உண்டு. தென்பாண்டிச் சாத்தூர் காராச்சேவுக்குப் பெயர்பெற்றது. மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் குடியேறிய தமிழர் கொண்டுசென்ற முறுக்கு, அந்நாட்டு மலாய் மக்களின் நாவிலும் பேச்சிலும் அப்பெயரோடே நுழைந்துவிட்டது. ஒரு மொழி தன் சொல்லை அயலாருக்குத் தரும்போது பண்டத்தோடு சேர்த்தே தருகிறது.

கருவிக்கும் ஊர்தோறும் பெயர் வேறு: முறுக்கு அச்சு, முறுக்குக் குழல், நாழி, உழக்கு, முறுக்கு உரல். அரித்தெடுக்கும் கரண்டிக்கு ஜல்லிக் கரண்டி, கண்கரண்டி, சாரணி எனப் பல பெயர்கள். இவற்றுள் எத்தனை அடுத்த தலைமுறையின் செவிக்கு எட்டும் என்பதே வினா.

ஏடும் அங்காடியும்

இருபதாம் நூற்றாண்டில் இரண்டு மாற்றங்கள் நிகழ்ந்தன. ஒன்று, கையறிவு ஏட்டில் ஏறியது. எஸ். மீனாட்சி அம்மாள் எழுதிய சமைத்துப் பார் 1951-இல் வெளிவந்தது. புகுந்த வீட்டிலும் அயலூரிலும் மாமியாரோ தாயோ அருகில் இல்லாத இளம்பெண்களுக்கு அந்நூல் அம்மாவின் இடத்தை நிரப்பியது. கண்ணளவும் கையளவும் முகத்தலளவையாக மாறின. இன்றும் பதிப்புகள் பல கண்டு அது வாழ்கிறது.

மற்றொன்று, வீட்டுப் பண்டம் அங்காடி ஏறியது. உரலின் இடத்தை மாவு ஆலை பிடித்தது. இரயில் பயணிகளிடம் விற்கப்பட்டதால் திருச்சிராப்பள்ளி மாவட்டத்து மணப்பாறை முறுக்கு நாடறிந்ததாயிற்று. ஒருமுறை அரைப்பதமாகப் பொரித்து, ஆறவிட்டு, மீண்டும் பொரித்தெடுப்பது அதன் தனிமுறை. 2023-இல் அதற்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. ஓர் ஊரின் கைப்பக்குவத்துக்குச் சட்டம் தந்த ஏற்பு அது. பொரித்த எண்ணெயையே மீண்டும் மீண்டும் காய்ச்சும் வழக்கத்துக்கும் சட்டம் வரம்பு கட்டியது. எண்ணெயின் சிதைவைக் காட்டும் சேர்மங்கள் 25 விழுக்காட்டை மிஞ்சலாகாது என்னும் விதி 2018 சூலை முதல் நாள் நடைமுறைக்கு வந்தது. சிக்கு வாடை வந்த எண்ணெயை மறுமுறை சட்டியில் ஊற்றாதே என்று வீட்டில் சொல்லிவந்ததன் சட்ட வடிவமே அது.

அடுப்படியின் மறுபக்கம்

பழமையைப் போற்றும்போது ஒரு பெரும்பிழை நேர்ந்துவிடக் கூடாது. தீபாவளிக்கு முன்னிரவுகளில் விறகடுப்பின் புகையிலும் எண்ணெய்ச் சட்டியின் அனலிலும் விடியும்வரை அமர்ந்திருந்தவர்கள் பெண்களே. வீட்டார் உறங்கி எழுந்து உண்டனர். இடித்த தோளின் நோவும், சுட்ட விரலின் கொப்புளமும் பலகாரத்தின் சுவையில் தெரிவதில்லை. ஆகவே, கடையில் வாங்கும் இன்றைய பெண்ணைப் பார்த்து அந்தக் காலத்தில் எல்லாம் வீட்டிலேயே செய்தோம் என்று குறைகூற ஆடவர்க்கு உரிமையில்லை. மணப்பாறையிலும் பிற ஊர்களிலும் அதே கைத்திறன் இன்று பல பெண்களுக்குக் கூலியும் தொழிலும் ஆகியிருக்கிறது. கூலியின்றிச் செய்த காலத்தைவிட இது மேலானதே.

ஆயின் உழைப்பின் சுமை குறைவது வேறு. அறிவு அழிவது வேறு. முன்னது வரவேற்கத்தக்கது. பின்னது இழப்பு. அந்த அறிவைப் பெண்களின் முதுகில் மீண்டும் ஏற்றாமலேயே காக்கும் வழி இருக்கிறது. ஆடவரும் அடுப்படிக்குள் சென்று கற்பது ஒரு வழி. கற்றதை எழுதிவைப்பது மற்றொரு வழி. இரண்டாவது வழி நம் வட்டத்துக்கு நேரே உரியது.

கவிஞர்க்கு ஒரு வேண்டுகோள்

மொறுமொறு, கரகர, நறுக்கு, பொதபொத: இவை அடுப்படியில் வழங்கும் ஓசைச் சொற்கள். இவற்றை ஒன்றென எண்ணுதல் கூடாது. தேன்குழல் மொறுமொறுவென்றிருக்கும், தட்டை கரகரவென்றிருக்கும், கைமுறுக்கு நறுக்கென்று ஒடியும், பதந்தவறியது பொதபொதவென்றாகும். பல்லுக்கும் செவிக்கும் இடையே நிகழும் நுண்ணிய வேறுபாடுகளைத் தனித்தனிச் சொல்லால் பிரித்தறிந்த மொழி நம் மொழி. விண்டுபோதல், நமத்தல், எண்ணெய் குடித்தல், ஓசை அடங்குதல், ஈடு எடுத்தல், சிக்கு ஏறுதல் என்னும் வழக்குகளும் அவ்வாறே. கை செய்யும்வரை இச்சொற்கள் வாழும். கை ஓய்ந்தால், உறையில் அடைத்து விற்கும் பண்டத்துக்கு இவற்றுள் ஒன்றும் தேவைப்படாது. உறையின்மீது விலையும் நாளும் எடையும் இருந்தால் போதும்.

2021-இல் மறைந்த கி. ராஜநாராயணன், கரிசல் மண்ணின் பேச்சைத் திரட்டி வட்டார வழக்குச் சொல்லகராதி தந்தார். புலவர்கள் ஒதுக்கிய பேச்சு இலக்கியத்தின் கருவூலம் என்பதை அவர் மெய்ப்பித்தார். அவர் காட்டிய வழியில் நம் வட்டத்து அன்பர்கள் ஒவ்வொருவரும் தத்தம் வீட்டிலும் ஊரிலும் உள்ள மூத்த பெண்மணி ஒருவரிடமேனும் அமர்ந்து, அவர் மாவு பிசையும்போது சொல்லும் சொற்களைக் குறித்துவர வேண்டுகிறேன். குறித்த சொல்லோடு சொன்னவர் ஊரையும், அச்சொல்லுக்குரிய கைச்செயலையும் சேர்த்தே எழுதுதல் வேண்டும். செயலறியாத சொல் வெற்று ஓசையாகிவிடும். நூறு சொற்கள் சேர்ந்தால் ஒரு சிறுநூலாகும்.

பெரியாழ்வார் அயல்வீட்டுப் பெண்ணின் பேச்சைச் செவிமடுத்து எழுதியதனால்தான் சீடை என்ற சொல் நமக்கு ஆயிரத்து நூறு ஆண்டுகள் கடந்தும் கிடைத்தது. அவ்வாறு செவிமடுக்கும் ஒரு கவிஞர் இல்லாமற் போயிருந்தால், அப்பண்டம் அன்று இருந்ததென்பதற்கே நமக்குச் சான்று கிடைத்திராது. பத்தாண்டு நிறைவு காணும் நம் வட்டம், அடுத்த பத்தாண்டில் ஆற்றத்தக்க பணிகளுள் இதுவும் ஒன்றாகட்டும்.